முறுக்கிக்கொண்ட பசுவும் ஐம்பதாவது கையும்

டாக்டர் ஒதிலியா சபலேத்தா முதல் தடவை தேர்தலில் நின்றபோது ஒரு மேடைகூடப் போடவில்லை. அது மாடுகளுக்குச் சினை பார்க்கும் பருவம். பண்ணை பண்ணையாகப் போய், தோள் வரைக்கும் பிளாஸ்டிக் உறை மாட்டி, மாட்டுக்குள் கையை விட்டு, "சினை", "காலி", "காலி", "சினை" என்று கத்திக்கொண்டே நடுநடுவே ஓட்டும் கேட்டார். எதிர்க்கட்சிக்காரன் ஒருவன் வானொலியில், "இந்த அம்மாவுக்கு நம்ம வட்டாரத்தைப் பத்தி என்ன தெரியும்?" என்று கேட்டான். "உள்ளே வரைக்கும் தெரியும்," என்றார் டாக்டரம்மா. அந்த ஒரு பதிலிலேயே பாதி ஓட்டு விழுந்துவிட்டது.

மீதிப் பாதி ஓட்டு என்னால் விழுந்தது என்று நான் சொல்லிக்கொள்வதுண்டு. யாரும் ஒப்புக்கொள்வதில்லை. என் பெயர் வால்தெமார் தெச்சேரா. பாசோ ஓந்தோ ஊரில் மாட்டுத்தீவனக் கடை வைத்திருக்கிறேன். டாக்டரம்மாவின் வேட்பாளர் பட்டியலில் நான் முதல் மாற்று உறுப்பினர். உருகுவேயில் உறுப்பினர் விடுப்பு எடுத்தால் அவர் நாற்காலியில் மாற்று உறுப்பினர் போய் உட்காருவார், கை தூக்குவார், வீட்டுக்கு வருவார். எங்கள் டாக்டரம்மாவுக்கோ காய்ச்சல்கூட வருவதில்லை. என் கோட்டு இஸ்திரி போட்டபடியே அலமாரியில் தொங்கியது.

தலைநகருக்குப் போயும் அவர் தொழிலை விடவில்லை. வேலை செய்யும் இடம்தான் மாறியது. மோந்தெவிதேயோவில் நாடாளுமன்றப் பளிங்கு மாளிகையின் நடையில் நின்றுகொண்டு வருகிற போகிற உறுப்பினர்களிடம் கை குலுக்குவார், இரண்டு நிமிடம் பேசுவார், அவர்கள் நகர்ந்ததும், வண்டி ஓட்டிக்கொண்டு கூடப் போகும் என் பக்கம் திரும்பி, "காலி," என்பார். இல்லாவிட்டால், "சினை. நம்ம சட்டத்துக்கு ஓட்டுப் போடுவார்." ஐந்து வருடத்தில் ஒரு தடவைகூடத் தவறியதில்லை.

அந்தச் சட்டத்துக்காகத்தான் அவர் அரசியலுக்கே வந்தார். ஒவ்வொரு வட்டாரத்துக்கும் அரசுச் செலவில் ஒரு கால்நடை மருத்துவர். கூப்பிட்டால் வந்தே ஆக வேண்டும், ஒரு பசு வைத்திருப்பவன் கூப்பிட்டாலும். செலவுக்கு, சந்தையில் விற்கும் ஒவ்வொரு மாட்டின் மேலும் ஒரு சின்ன வரி. ஆயிரக்கணக்கில் மாடு விற்பவர்களுக்கு அது கசக்காமல் என்ன செய்யும்? செனட்டில் எப்படியோ நிறைவேறிவிட்டது. கீழ்ச்சபையில் நாற்பத்தொன்பது பேர் எங்கள் பக்கம், ஐம்பது பேர் எதிர்ப்பக்கம். செப்டம்பரின் அந்தச் செவ்வாய்க்கிழமைதான் கடைசிக் கூட்டம். அன்று சட்டம் தோற்றால் தேர்தல் முடிந்து புதுச் சபை வந்து எல்லாவற்றையும் ஒன்றிலிருந்து தொடங்க வேண்டும்.

"ஒரு ஆளு போதும்," என்றார் டாக்டரம்மா, காலையில் என் வண்டியில் ஏறும்போது. "கூட்டம் மூணு மணிக்கு. ஒரு மணிக்குப் போயிட்டோம்னா நடையிலயே ஒருத்தரைப் பிடிச்சிடுவேன். ஓட்டு."

ஊர் எல்லையைத் தாண்டவில்லை, அவர் போன் அடித்தது. பேசியவர் டான் லெயாந்த்ரோ இருலேகி.

எங்கள் வட்டாரத்தின் இன்னொரு உறுப்பினர் அவர்தான். எதிர்ப்பக்கத்து ஐம்பது பேரைக் கட்டி மேய்ப்பவரும் அவர்தான். கண்ணுக்கெட்டிய தூரம் வரை அவர் புல்வெளி, அதனால் எல்லோரும் மரியாதையாக 'டான்' போட்டுத்தான் கூப்பிடுவார்கள். டாக்டரம்மாவை மேடையில் "சினை ஊசி அம்மா" என்று கிண்டலடித்தவர். அப்படிப்பட்டவர் குரல் போனில் நடுங்கியது. அவருடைய பரிசு பெற்ற பசு பிரின்செஸா விடியலிலிருந்து முக்குகிறதாம், கன்று வரவில்லையாம். வட்டாரத்தில் இருக்கும் இரண்டு மருத்துவர்களும் அவருடைய காளைகளைக் கூட்டிக்கொண்டு தலைநகர்க் கண்காட்சிக்குப் போய்விட்டார்கள்.

"வண்டியைத் திருப்பு," என்றார் டாக்டரம்மா.

"டாக்டரம்மா, இன்னைக்கு ஓட்டெடுப்பு! அந்த ஆளு பசுவா? அந்த ஆளு உங்களை என்னவெல்லாம் பேசினார்!"

"பேசினது அவரு. பசு என்ன பேசுச்சு? திருப்புய்யா."

பண்ணையில் பிரின்செஸா தொழுவத்தில் நின்று கால் மாற்றிக்கொண்டிருந்தது. டாக்டரம்மா மேல்கோட்டைக் கழற்றி என் மேல் எறிந்துவிட்டுக் கையை உள்ளே விட்டார். கண்ணை மூடிக்கொண்டார்.

"கருப்பை முறுக்கிக்கிட்டிருக்கு. ஒரு முழுச் சுத்து, வலப்பக்கமா. கன்னுக்கு உயிர் இருக்கு, என் விரலை உறிஞ்சுது. பசுவைப் படுக்க வெச்சு, வயித்து மேல பலகையை வெச்சு, ஆளு ஏறி நின்னு, மெல்ல உருட்டணும். பிரிஞ்சாலும் வாய் திறக்க மத்தியானம் ஆகும். திறக்கலைன்னா வயித்தைக் கிழிக்கணும்."

அதாவது மூன்று மணிக் கூட்டம் அவருக்கு இல்லை. எனக்குப் புரிந்தது, டான் லெயாந்த்ரோவுக்கும் புரிந்தது. மனிதருக்கு ஒரு கணம் முகம் மலர்ந்ததா இல்லையா என்று நான் சத்தியம் செய்ய மாட்டேன்.

டாக்டரம்மா கயிற்றை எடுத்துக்கொண்டே சொன்னார்: "டான் லெயாந்த்ரோ, உங்களுக்கும் கூட்டம் இருக்கு. நீங்க கிளம்பணும்னா கிளம்புங்க. உங்க ஆளுங்க நாலு பேர் எனக்குப் போதும்."

அவர் பசுவைப் பார்த்தார். பசு அவரைப் பார்த்தது. பொண்டாட்டி பிரசவத்தில்கூட அந்த ஆள் சீட்டு ஆடிக்கொண்டிருந்தார் என்று ஊரில் பேச்சு. இப்போது சட்டைக் கையை மடித்தார்.

"நான் எங்கயும் போகல. என் குரலைக் கேட்டாத்தான் இது அடங்கும். எங்க பக்கம் ஐம்பது பேர் இருக்காங்க டாக்டர். என் நாற்காலியில ஒரு வைக்கோல் பொம்மையை உக்கார வெச்சாலும் போதும்."

உடனே அவர் கட்சி அலுவலகத்துக்குப் போன் போட்டார். அவருடைய முதல் மாற்று உறுப்பினர் பேரப்பிள்ளையைப் பார்க்க ஸ்பெயின் போயிருந்தார். இரண்டாமவருக்கு மூட்டு அறுவை. மூன்றாவது பெயர் நிபியா லரோசா. பதினோரு பசு வைத்துப் பாலாடைக்கட்டி செய்து விற்கும் பெண்மணி. பால்காரர்களின் ஓட்டுக்காக அவள் பெயரைப் பட்டியலில் சேர்த்து, துண்டுப்பிரசுரத்தில் படமும் போட்டிருந்தார்கள். எங்கள் ஊரில் எல்லாக் கட்சியும் இதைத்தான் செய்யும்: முதல் பெயர் உட்காருவதற்கு, மற்றவை பார்வைக்கு. தேர்தல் முடிந்த பிறகு அவளிடம் யாரும் ஒரு வார்த்தை பேசியதில்லை.

"நிபியாவா? நல்லதாப் போச்சு," என்றார் டான் லெயாந்த்ரோ. "கையைத் தூக்காம உக்காருன்னா உக்காந்துட்டுப் போறா." அப்புறம்தான் அவருக்கு ஞாபகம் வந்தது. "காலை பஸ் போயிருச்சே. அவகிட்ட வண்டி ஏது?"

டாக்டரம்மா பசுவின் முன்காலைக் கட்டிக்கொண்டே தலையைத் தூக்காமல் சொன்னார்: "வால்தெமார் போறான்ல. என் நாற்காலியில உக்கார. அவன் கூட்டிட்டுப் போவான்."

எனக்கு வந்த கோபத்தில் காது அடைத்துக்கொண்டது. அவரைத் தனியாக இழுத்துப்போனேன்.

"உங்களுக்குப் புத்தி கித்தி கெட்டுப்போச்சா? அந்தப் பொம்பள வரலைன்னா நாற்பத்தொன்பதுக்கு நாற்பத்தொன்பது. சமம். சமமானா மறுபடி விவாதம் திறக்கணும், அதுக்குள்ள ஒருத்தரைப் பிடிக்கலாம். எதிரி ஓட்டை என் வண்டியில, என் பெட்ரோல்ல நானே சுமக்கணுமா?"

"அது அவங்க நாற்காலி வால்தெமார். உரிமையா வந்தது. அவங்க வரட்டும், உக்காரட்டும்."

"சரி, அவ சினையா காலியா? அதையாவது சொல்லுங்க."

"நான் கை வெச்சுப் பாக்கலையே. பாக்காம எப்படிச் சொல்றது? கிளம்பு, நேரமாகுது."

இந்தத் தன்னம்பிக்கையை எங்கே வைத்துக்கொள்வது? ஒரு ஓட்டு குறைகிறது, நடையில் நின்று பிடிக்க ஆள் இல்லை, சட்டம் சாகப்போகிறது. அவரோ பலகையைக் கொண்டுவரச் சொல்லிக் கூவிக்கொண்டிருந்தார்.

கட்சி அலுவலகம் போனில் எல்லாம் சொல்லிவிட்டதால், நிபியா தன் வீட்டு வாசலில் தயாராக நின்றாள். திருமணத்துக்குத் தைத்த நீல கவுன், காலில் ரப்பர் பூட்ஸ், கையில் செருப்பு ஒரு பை, பாலாடைக்கட்டி ஒரு பை, அக்குளில் வெந்நீர் ஃபிளாஸ்க். ஏறியவுடன் வண்டி முழுக்கப் பாலாடைக்கட்டி வாசம்.

"தெச்சேரா, உங்க தீவனத்துல மண்ணு ஜாஸ்தி," என்றாள் முதல் வார்த்தையாக. "என் பசு தின்னுட்டு ஏப்பம் விட்டா புழுதி பறக்குது."

நான் பல்லைக் கடித்துக்கொண்டேன். அவள் ஓட்டு எனக்கு வேண்டும். அவள் மாத்தே இலையில் வெந்நீர் ஊற்றி உறிஞ்சிவிட்டு எனக்கும் ஊற்றிக் கொடுத்தாள். நான் சட்டத்தை விளக்க ஆரம்பித்தேன். ஒன்றாவது பிரிவு, இரண்டாவது பிரிவு, வரி எவ்வளவு, அது யாருக்கு வலிக்கும், யாருக்கு வலிக்காது. அவள் ஜன்னல் வழியாகப் புல்லைப் பார்த்துக்கொண்டே "ம்" போட்டாள். இரண்டு மணி நேரம் பேசியிருப்பேன். என் தொண்டை வறண்டது. திரும்பிப் பார்த்தால் வாயைத் திறந்து தூங்கிக்கொண்டிருந்தாள்.

பாதி வழியில் பெட்ரோல் போட நிறுத்தினேன். அவள் கழிப்பறைக்குப் போனாள். சாவி என் கையில் இருந்தது. சாலை நேராக இருந்தது. நான் கிளம்பிவிட்டால் அவள் அடுத்த பஸ் பிடித்து வருவதற்குள் கூட்டமே முடிந்துவிடும். யாரும் என்னைத் தூக்கில் போடப்போவதில்லை. டாக்டரம்மாவைத் தவிர. அந்த அம்மா என்னிடம் கத்த மாட்டார். என் கையைக் குலுக்கிப் பார்த்துவிட்டு "காலி" என்று சொல்லிவிட்டுப் போவார். நிபியா வரும்வரை கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நின்றேன்.

"என்ன, மாப்பிள்ளை மாதிரி மரியாதை?" என்றாள்.

"ஏறும்மா," என்றேன்.

இரண்டரை மணிக்கு மாளிகைக்குள் நுழைந்தோம். அவள் படியில் உட்கார்ந்து பூட்ஸைக் கழற்றிச் செருப்பு மாட்டிக்கொண்டு, பூட்ஸைக் காவலாளியிடம் கொடுத்து, "பாத்துக்கங்க தம்பி, புதுசு," என்றாள். மூன்று மணிக்கு மணி அடித்தது. விடுப்புக் கடிதங்களைப் படித்தார்கள். என் பெயரைக் கூப்பிட்டார்கள், அவள் பெயரையும் கூப்பிட்டார்கள். நான் டாக்டரம்மாவின் நாற்காலியில். அவள் எதிர்ப்பக்கம், டான் லெயாந்த்ரோவின் நாற்காலியில். அவர்கள் கட்சிக்காரர் ஒருவர் குனிந்து அவள் காதில் ஏதோ சொன்னார். அவள் சமர்த்தாகத் தலையாட்டினாள். எனக்கு இருந்த கொஞ்ச நம்பிக்கையும் போயிற்று.

விவாதம் வழக்கம்போல நடந்தது. வரி அநியாயம் என்றார்கள். நாட்டில் மருத்துவர்களுக்குப் பஞ்சமே இல்லை, அரசு எதற்கு மூக்கை நுழைக்கிறது என்றார் ஒருவர். நான் எழுதி வைத்திருந்ததைப் படித்தேன், இரண்டு இடத்தில் தடுமாறினேன், யாரும் கவனிக்கவில்லை. பேசுவோர் பட்டியல் முடிந்தது என்று தலைவர் சொல்லப்போகும் நேரத்தில் எதிர்ப்பக்கத்தில் ஒரு கை எழுந்தது. நிபியா. பக்கத்தில் இருந்தவர் அவள் கவுனைப் பிடித்து இழுத்தார்.

"விடுங்க சார், கிழிஞ்சா நீங்க தெச்சுக் குடுப்பீங்களா?" மைக்கின் விளக்கு அதற்குள் எரிந்துவிட்டது. மண்டபம் முழுக்கக் கேட்டது. சிரிப்பு எழுந்தது. அவளும் சிரித்தாள். அப்புறம் சிரிக்கவில்லை.

"எனக்குப் பிரிவெல்லாம் தெரியாது. இந்தத் தெச்சேரா வழி முழுக்கச் சொன்னார், நான் தூங்கிட்டேன். ஜூலை மாசம், நடுக் குளிர்காலம், பனி கொட்டுற காலையில, என் பசு லூனேராவுக்குக் கன்னு வரல. போன் போட்டேன். ஒரு டாக்டர் டான் லெயாந்த்ரோ பண்ணையில இருந்தார். இன்னொரு டாக்டரும் டான் லெயாந்த்ரோ பண்ணையிலதான் இருந்தார். சரின்னு டாக்டரம்மா ஒதிலியாவைக் கேட்டேன். அவங்க இங்க இருந்தாங்க. இந்த மண்டபத்துல. எங்களுக்கு டாக்டர் வேணும்னு பேசிக்கிட்டு இருந்தாங்க."

அவள் மைக்கைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

"சாயங்காலம் லூனேரா செத்துப்போச்சு. கன்னும் போச்சு. இன்னைக்குக் காலையில டான் லெயாந்த்ரோ பசுவுக்குக் கன்னு வரல. டாக்டர் வந்துட்டாங்க. எவ்வளவு நல்லா வந்தாங்கன்னா, அதனாலதான் அவர் வீட்டுல இருக்கார், அவங்களும் அங்க இருக்காங்க, நான் இந்த நாற்காலியில உக்காந்திருக்கேன். அந்தப் பசு பொழைக்கட்டும், அது என்ன பாவம் பண்ணுச்சு? எங்க பசுவுக்கும் ஒருத்தர் வரட்டும். அவ்வளவுதான். எனக்குக் காலு வலிக்குது, உக்காந்துக்கறேன்."

டாக்டரம்மாவைப் பற்றி அவள் சொன்னது எனக்குச் சுருக்கென்று தைத்தது. எழுந்து மறுக்கலாம் என்று பார்த்தேன். மறுக்க என்ன இருந்தது? ஜூலையில் அவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து நானும்தான் குறிப்பு எடுத்துக்கொண்டிருந்தேன்.

தலைவர் ஓட்டெடுப்பை அறிவித்தார். ஆதரிப்பவர்கள் கை தூக்கட்டும். நான் தூக்கினேன். எங்கள் வரிசை தூக்கியது. எதிர்ப்பக்கத்தில், ஐம்பது பேருக்கு நடுவில், பாத்திரம் கழுவிச் சிவந்த ஒரு கை மட்டும் நேராக நின்றது. பக்கத்தில் இருந்தவர் தன் முகத்தை மூடிக்கொண்டார். செயலாளர் எண்ணினார், மறுபடி எண்ணினார்.

"தொண்ணூற்றொன்பதில் ஐம்பது. நிறைவேறியது."

நான் வெட்கமில்லாமல் அழுதேன். வயது ஐம்பத்தெட்டு, இஸ்திரி போட்ட கோட்டு, மூக்கு ஒழுகுகிறது. நடையில் நிபியாவைப் பிடித்துக்கொண்டேன்.

"அஞ்சு மணி நேரம் என் வண்டியில வந்தியேம்மா, ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா?"

"நீங்க சொல்லிக்கிட்டேதான் வந்தீங்க. கேட்டீங்களா?"

டாக்டரம்மாவுக்குப் போன் போட்டேன். எடுத்தது டான் லெயாந்த்ரோ. பின்னால் ஆட்கள் சிரிக்கும் சத்தம்.

"தெச்சேரா! கிடேரிக் கன்னு! கிழிக்கவே வேணாம், தானா வந்துச்சு, நின்னு பால் குடிக்குது. உங்க டாக்டரம்மா கையிருக்கே, அது தங்கம்யா! சரி, அங்க எப்படி? எங்க பக்கம்தானே?"

"ஐம்பதுக்கு நாற்பத்தொன்பது. எங்க பக்கம்."

"எப்படி? யாரு அந்த நாய்?"

"உங்க நாற்காலிதான், டான் லெயாந்த்ரோ." அவள் பேசியதை ஒன்றுவிடாமல் சொன்னேன். சொல்லச் சொல்லச் சிரிப்புச் சத்தம் அடங்கியது. அவர் ஸ்பீக்கரில் போட்டிருந்தார் போலிருக்கிறது.

அவர் கத்துவார் என்று காதைத் தள்ளி வைத்துக்கொண்டேன். கத்தவில்லை. "ஜூலையிலயா?" என்று மட்டும் கேட்டார். "ஜூலையில எங்க பண்ணையில ஒரு மாட்டுக்கும் ஒண்ணுமில்லையே. ரெண்டு டாக்டரும் என்கூட உக்காந்து சுட்ட கறி சாப்பிட்டுக்கிட்டு இருந்தாங்க." அப்புறம் போன் கை மாறியது.

"ஜெயிச்சிட்டோம் டாக்டரம்மா!" என்றேன். "சொன்னபடி ஒரு ஆளு கிடைச்சாச்சு!"

கையைக் கழுவும் தண்ணீர்ச் சத்தம் கேட்டது.

"லூனேரா கறுப்புல வெள்ளைப் புள்ளி," என்றார். "அது பொறக்கும்போது நான்தான் இழுத்தேன். வால்தெமார், தேர்தலுக்குப் பட்டியல் குடுக்க இன்னும் ஒரு வாரம் இருக்குல்ல? முதல் பேரா உன் பேரை எழுது. என் பேரு வேணாம்."

"என்ன சொல்றீங்க? இப்பத்தானே ஜெயிச்சோம்! இந்த நேரத்துல விட்டுட்டு வருவாங்களா யாராவது?"

"ஜெயிச்சதாலதான். நம்ம வட்டாரத்துக்கு அரசு டாக்டர் வேலை ஒண்ணு வரப்போகுது. கூப்பிட்டா வந்தே ஆகணும்னு நானே எழுதின வேலை. என்னைவிட்டா அதை யாரு ஒழுங்காப் பாப்பா? பதவிக்காலம் முடிஞ்ச அன்னைக்கே மனு போடறேன். எனக்குத்தான் கிடைக்கும், பாரு." குரலில் துளி சந்தேகம் இல்லை. "நிபியா பக்கத்துல இருக்காங்களா? அவங்க பசுவுல எதெல்லாம் மாசமா இருக்குன்னு கேளு. சனிக்கிழமை காலையில வர்றேன்னு சொல்லு."

நான் சொன்னேன். நிபியா காவலாளியிடமிருந்து பூட்ஸை வாங்கிப் படியில் உட்கார்ந்து மாட்டிக்கொண்டிருந்தாள்.

"ஆறு பசு மாசமா இருக்குன்னு சொல்லுங்க," என்றாள். "வரச் சொல்லுங்க, வெதுவெதுன்னு ரொட்டி போட்டு வெக்கறேன். வராம இருந்துட்டாங்கன்னா, இந்தக் கட்டடத்துக்கு வழி எனக்கும் தெரிஞ்சுபோச்சுன்னு சொல்லுங்க."